ஆரம்பாக்கத்தில் நிற்காத எக்ஸ்பிரஸ்

எங்கள் ஊர் ஸ்டேஷனில் எக்ஸ்பிரஸ் நிற்காது. சென்னையிலிருந்து ஆந்திரா பக்கம் போகிற வண்டிகள் எல்லாம் ஆரம்பாக்கத்தை ஒரு ஊராகவே மதிக்காமல் ஊதிக்கொண்டு போகும். பிளாட்பாரத்தில் நிற்கிற நாங்கள் முந்தானையைப் பிடித்துக்கொண்டு தூசிக்கு முகத்தைத் திருப்பிக்கொள்வோம். அப்புறம்தான் எங்கள் பாசஞ்சர் வரும். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் என் மாமியாருக்கு எக்ஸ்பிரஸ் என்ற சொல்லுக்கு இது ஒன்றுதான் அர்த்தம்.

"எக்ஸ்பிரஸ் பே ஆர்டர்னு ஒண்ணு வரணும் அத்தே, அது வந்தாதான் சம்பளம்" என்று நான் சொன்னபோது அவர் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தார்.

"எக்ஸ்பிரஸ்லயா வரணும்? அப்ப நம்ம ஊர்ல எங்கம்மா நிக்கப் போவுது?" என்றார்.

நான் விழுந்து விழுந்து சிரித்தேன். மறுநாள் பள்ளியில் எல்லோரிடமும் சொல்லிச் சிரித்தேன். அது சம்பளம் வராத முதல் மாதம். அப்போது சிரிப்பதற்குத் தெம்பு இருந்தது.

நான் அரசுப் பள்ளியில் கணக்கு டீச்சர். கும்மிடிப்பூண்டிக்குப் பக்கத்தில் பள்ளி. எங்களில் சிலருடைய பணியிடம் நிரந்தரம், சிலருடையது தற்காலிகம். கவனியுங்கள், ஆள் தற்காலிகம் இல்லை. தேர்வு எழுதி, கவுன்சலிங்கில் இடம் எடுத்து வந்த ஆள் நிரந்தரம்தான். அந்த ஆள் உட்கார்ந்திருக்கும் இடம்தான் தற்காலிகம். அந்த இடத்துக்கு அவ்வப்போது நீட்டிப்பு ஆணை போட வேண்டும். ஆணை வருவதற்குத் தாமதமானால் கருவூலத்தில் சம்பள பில் பாஸ் ஆகாது. நடுவில் ஒன்றிரண்டு மாதத்துக்கு ஒப்பேற்றுவதற்கு என்று ஒரு தனி ஆணை வரும். அதற்கு விரைவு ஊதிய ஆணை, அதாவது எக்ஸ்பிரஸ் பே ஆர்டர் என்று பெயர். அந்தப் பெயரை வைத்தவருக்கு நகைச்சுவை உணர்ச்சி உண்டு என்றுதான் நான் இன்றுவரை நம்புகிறேன்.

எங்கள் பள்ளி கிளார்க் இதை வேறு மாதிரி சொல்வார். "உங்க போஸ்ட்டுக்கு உயிர் போயிடுச்சி டீச்சர். ஆர்டர் வந்தாதான் உயிர் வரும்." நான் ஒரு நாள் எரிச்சலில், "போஸ்ட் செத்துப்போச்சி, நான் மட்டும் தினமும் வந்து மூணாவது பீரியட் எடுத்துக்கினு கீறனே, அப்ப நான் யாரு சார், பேயா?" என்று கேட்டேன். அவர் சிரிக்கவில்லை. "கோச்சிக்காதீங்க டீச்சர், நான் இன்னா பண்ணுவேன்" என்றார். அவர் என்ன பண்ணுவார், பாவம். தலைமை ஆசிரியர் என்ன பண்ணுவார். யாரைக் கேட்டாலும் மேலே கை காட்டுவார்கள். மேலே நிமிர்ந்து பார்த்தால் மின்விசிறிதான் ஓடிக்கொண்டிருக்கும்.

இப்போது வீட்டுக்கு வருகிறேன்.

நான் பழவேற்காட்டு ஏரிக்கரைப் பெண். அப்பா, தம்பி எல்லாம் ஏரியில் மீன் பிடிக்கிறவர்கள். என் கணவர் வீடு நெல் வீடு. ரயிலில் பார்த்துப் பேசிப் பழகிய கல்யாணம். ஏரி வீட்டுப் பெண் நெல் வீட்டுக்கு வருவது எங்கள் பக்கத்தில் லேசுப்பட்ட காரியம் இல்லை. ஆறேழு மாதம் மாமியார் என்னோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. "சோறு கீது", "தண்ணி வந்துக்குது" என்று சுவரைப் பார்த்துச் சொல்வார். சுவருக்குப் பசிக்காது என்பதால் நான் போய்ச் சாப்பிடுவேன்.

அப்புறம் எனக்கு வேலை கிடைத்தது. முதல் சம்பளத்தை ஏடிஎம்மில் எடுத்து, ஸ்டேஷன் பக்கத்துக் கடையில் ஜிலேபி வாங்கிக்கொண்டு வந்து, இரண்டையும் மாமியார் முன்னால் நீட்டினேன். அவர் கையைக் கழுவிவிட்டு வந்தார். முந்தானையில் ஈரம் போகத் துடைத்தார். இரண்டு கையாலும் வாங்கி, சாமி படத்துக்கு முன்னால் வைத்து, விழுந்து கும்பிட்டார். எழுந்து என்னைப் பார்த்து, சுவரைப் பார்க்காமல் என்னைப் பார்த்து, "சாப்டியாம்மா?" என்றார். நான் அழுதுவிட்டேன்.

அன்றிலிருந்து மாதக் கடைசி என்றால் எங்கள் வீட்டில் அது ஒரு சடங்கு. கை கழுவுவார், துடைப்பார், வாங்குவார், கும்பிடுவார். பிறகு அதிலிருந்தே என் செலவுக்கு எடுத்துக் கொடுப்பார். மிச்சத்தில் வீடு நடக்கும். "இவ்ளோ படிச்சிட்டு சம்பளத்த மாமியார் கையில குடுத்துக்கினு கீறயே, வெக்கமா இல்ல?" என்று பள்ளியில் கிண்டல் பண்ணுவார்கள். எனக்கு வெட்கமாக இல்லை. அந்தக் கை என்னைப் பார்த்து நீண்டதே பெரிய விஷயம். நான் அந்த வீட்டுப் பெண் ஆனது தாலி கட்டிய நாளில் இல்லை, அந்தக் கை நீண்ட நாளில்தான்.

அந்த வருஷம் மூன்று மாதம் எனக்குச் சம்பளம் வரவில்லை.

வராததில்கூட ஒரு நியாயம் இருந்திருக்கலாம், எல்லோருக்கும் வராமல் போயிருந்தால். எங்கள் தெருவிலேயே இன்னொரு டீச்சர் இருந்தார். அதே பள்ளி, அதே பாசஞ்சர். அவர் அறிவியல் எடுக்கிறவர். அவருடைய பணியிடம் நிரந்தரம். மாதக் கடைசி ஆனால் அவருக்கு டாண் என்று சம்பளம் வந்துவிடும். அன்றைக்கு ஸ்டேஷனிலிருந்து இரண்டு பேரும் ஒன்றாகத்தான் நடந்து வருவோம். அவர் கையில் ஜிலேபிப் பொட்டலம் இருக்கும், என் கையில் திருத்த வேண்டிய நோட்டுக் கட்டு இருக்கும். மாமியார் வாசலில் நின்று இரண்டு பேரையும் பார்ப்பார்.

"அந்த டீச்சருக்கு வந்துச்சாமே?"

"அவங்க போஸ்ட் வேற அத்தே. அது நிரந்தரம்."

"ஒரே இஸ்கூல்தான?"

"ஒரே இஸ்கூல்தான்."

"ஒரே வேலதான?"

"ஆமா அத்தே."

"அப்ப உனக்கு மட்டும் இன்னாத்துக்கு வரல?"

இந்தக் கேள்விக்குச் சட்டசபையில் பதில் சொல்லச் சொன்னாலே திணறுவார்கள். நான் சமையலறை வாசலில் நின்றுகொண்டு பணியிட நீட்டிப்பு, தற்காலிகம், கருவூலம் என்று விளக்கினேன். எனக்குப் பொறுமை கொஞ்சம் குறைவு. இரண்டாவது தடவை விளக்கும்போதே குரல் ஏறிவிட்டது. குரல் ஏறினால் பொய் சொல்கிற மாதிரி இருக்கும் என்று எனக்கு அப்போது தோன்றவில்லை.

என் கணவர் சிப்காட்டில் இரும்பு உருக்குகிற ஒரு தொழிற்சாலையில் இருக்கிறார். காண்ட்ராக்ட்தான். ஆனால் மாதம் ஏழாம் தேதி ஆனால் அவர் போனில் சத்தம் கேட்கும். காண்ட்ராக்ட்காரனுக்குத் தேதி தவறாமல் வருகிறது, கவர்மெண்ட் வேலைக்காரிக்கு மூன்று மாதமாக வரவில்லை என்றால், நெல் விற்றே வாழ்ந்த ஒரு பெண்பிள்ளை எதை நம்புவார்? அவரைக் குற்றம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அந்த மூன்று மாதத்துக்கு நடுவில்தான் தம்பி படகுக்குப் புது இன்ஜின் வாங்கினான்.

நல்ல நாள் பார்த்து, இன்ஜினுக்கு மாலை போட்டு, பூசணிக்காய் சுற்றி உடைத்தான். சம்பந்தி வீடு என்று முறையாக வந்து அழைத்திருந்தான். மாமியார் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு என்னோடு வந்தார். கல்யாணத்துக்கு அப்புறம் அவர் எங்கள் வீட்டுக்கு மனசார வந்தது அதுதான் முதல் தடவை. எனக்குக் கால் தரையில் பாவவில்லை. அம்மா நண்டுக் குழம்பும் மடவை மீன் வறுவலும் செய்திருந்தாள். மாமியார் இரண்டு தடவை சோறு போட்டுக்கொண்டார்.

சாப்பிட்டுவிட்டு ஏரிக்கரையில் நிற்கும்போது மாமியார் இன்ஜினைத் தொட்டுப் பார்த்தார். "செலவு நெறைய ஆயிருக்குமே நைனா. எப்டி சமாளிச்ச?" என்று தம்பியிடம் கேட்டார்.

உண்மை என்னவென்றால், அவன் இறால் வாங்குகிற ஒரு வியாபாரியிடம் முன்பணம் வாங்கியிருந்தான். முன்பணம் வாங்கினால் பிடிக்கிற இறாலை எல்லாம் அந்த வியாபாரிக்கே, அவர் சொல்கிற விலைக்கே போட வேண்டும். எங்கள் பக்கத்தில் பாதிப் படகு அப்படித்தான் ஓடுகிறது. ஆனால் அக்கா மாமியார் முன்னால், மாலை போட்ட இன்ஜின் பக்கத்தில் நின்றுகொண்டு, நான் இன்னொருத்தனிடம் மாட்டிக்கொண்டிருக்கிறேன் என்று எந்தத் தம்பி சொல்வான்? அவன் சிரித்தான். தலையைச் சொறிந்தான்.

"எங்க அக்கா கீது இல்ல அத்தே, எனக்கு இன்னா கவல? எல்லாம் அக்கா புண்ணியம்" என்றான்.

எங்கள் பக்கத்தில் இது ஒரு மரியாதைப் பேச்சு. அக்காவைக் கட்டிக் கொடுத்த வீட்டார் முன்னால் அக்காவை ஒரு படி தூக்கி வைத்துப் பேசுவார்கள். குடிசைக்குக் கூரை மாற்றினாலும் அக்கா புண்ணியம்தான், பிள்ளைக்குக் காய்ச்சல் நின்றாலும் அக்கா புண்ணியம்தான். அதற்கு யாரும் கணக்குக் கேட்க மாட்டார்கள். அதைக் கேட்டு எனக்கு அன்றைக்குப் பெருமையாகக்கூட இருந்தது. மாமியார் என் பக்கம் ஒரு தடவை திரும்பினார். நானும் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போதும் என்னையே ஓர் அறை விடலாம் போல இருக்கிறது.

அதற்கப்புறம் மாமியார் சம்பளத்தைப் பற்றிக் கேட்கவே இல்லை.

எனக்கு முதலில் நிம்மதியாக இருந்தது. கேள்வி நின்றதே, போதும் என்று நினைத்தேன். விதைக்கு வைத்திருந்த நெல்லில் இரண்டு மூட்டையை விற்று மளிகைக் கடை பாக்கியைக் கொடுத்தார். தன் கம்மலைக் கழற்றிக் கொண்டுபோய் வைத்துவிட்டு வந்தார். கம்மல் எங்கே என்று கேட்டதற்கு, "காது புண்ணா கீது, ஆறட்டும்" என்றார். தெருவில் அந்த அறிவியல் டீச்சரின் மாமியார், "உங்க மருமவளுக்குச் சம்பளம் வந்துச்சா?" என்று விசாரித்தபோது, "வந்துச்சி வந்துச்சி, போன வாரமே வந்துச்சி" என்று என் காதுபடச் சொன்னார். எதற்கு இப்படிப் பொய் சொல்கிறார் என்று எனக்குப் புரியவில்லை. நம் வீட்டு மானம் என்று நினைத்திருப்பார் என்று விட்டுவிட்டேன்.

ஒரு நாள் காலையில் ஸ்டேஷனுக்குக் கொண்டுவிடும்போது என் கணவர்தான் சொன்னார். பைக்கை நிறுத்திவிட்டு, கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

"அம்மா வேற மாதிரி நெனச்சிக்கினு கீது."

"இன்னா நெனச்சிக்கினு கீறாங்க?"

"உன் சம்பளம் வருதாம். நீ உன் தம்பி இன்ஜினுக்குக் குடுத்துட்டியாம். நான் இல்லன்னு சொன்னேன். பொண்டாட்டிக்காகப் பேசறேன்னு சொல்லுது."

பாசஞ்சர் வந்துவிட்டது. நான் ஏறவில்லை. அவர் பைக்கிலேயே திரும்பி வீட்டுக்கு வந்தேன். மாமியார் மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்தார்.

"அத்தே, நான் எந்தம்பிக்கு எதுவும் குடுக்கல."

அவர் வாளியைக் கீழே வைத்தார். முகத்தில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"நான் கேட்டனாம்மா?" என்றார்.

"கேக்கல. ஆனா நெனச்சிக்கினு கீறீங்க."

"நான் ஒண்ணும் நெனைக்கல. நாஷ்டா துன்னாமப் போயிட்டியே, வா."

நான் கத்தினேன். போனில் வங்கிக் கணக்கைத் திறந்து காட்டினேன். அவருக்கு எழுத்துத் தெரியாது. என் போனை மரியாதையாகப் பார்த்தார், "சரிம்மா" என்றார், இட்லித் தட்டை முன்னால் வைத்தார். சண்டை போடுகிறவரிடம் ஜெயிக்கலாம். சரிம்மா என்கிறவரிடம் என்ன செய்வது?

தம்பியைக் கூட்டிக்கொண்டு வந்து சொல்ல வைக்கலாமா என்று யோசித்தேன். வேண்டாம் என்று விட்டேன். உன் இன்ஜினுக்கு நான் பணம் கொடுத்ததாக நினைக்கிறார்கள் என்று அவனிடம் சொன்னால் அவன் அதற்கப்புறம் எங்கள் வாசலை மிதிக்க மாட்டான். சொல்லியிருக்க வேண்டுமோ என்னவோ. அது இன்றைக்கும் எனக்குத் தீராத வருத்தம்.

நான்காவது மாதம் ஆணை வந்தது. மூன்று மாதச் சம்பளமும் மொத்தமாக விழுந்தது. நான் அதை மொத்தமாக எடுத்தேன், ஜிலேபி இரண்டு மடங்கு வாங்கினேன், ஓட்டமும் நடையுமாக வீட்டுக்கு வந்து நீட்டினேன். "வந்துடுச்சி அத்தே!"

மாமியார் கை கழுவப் போகவில்லை. பணத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "வந்துடுச்சா? நல்லதும்மா. நீயே வெச்சிக்கோ" என்றார். ஜிலேபியை மட்டும் வாங்கிக்கொண்டு உள்ளே போனார்.

அதோடு முடிந்தது அந்தச் சடங்கு. அடுத்த மாதமும் நீட்டினேன். "உன் சம்பாத்தியம், நீயே பாத்துக்கோம்மா." அதற்கடுத்த மாதம் நான் நீட்டவில்லை. நான்தான் மளிகை, நான்தான் பால், நான்தான் கரண்ட் பில். கம்மலையும் மீட்டுக் கொடுத்தேன். பள்ளியில் இதைக் கேட்டவர்கள், பரவாயில்லையே, சுதந்திரம் வந்துவிட்டதே என்றார்கள். எனக்கோ ஆறேழு மாதம் சுவரோடு பேசினாரே, அந்தக் காலம் திரும்பி வந்த மாதிரி இருந்தது. இந்தத் தடவை என் முகத்தைப் பார்த்தே பேசினார் என்பதுதான் வித்தியாசம்.

அப்போதுதான் வழக்குப் பேச்சு வந்தது. மாவட்டத்தில் என்னைப் போல மாட்டிக்கொண்ட டீச்சர்கள் சிலர் சேர்ந்து, தாமதமான சம்பளத்துக்கு வட்டி கேட்டு நீதிமன்றம் போவதாக முடிவு செய்தார்கள். திருவள்ளூரில் ஒரு கல்யாண மண்டபத்தில் கூட்டம். "சம்பளம்தான் வந்துடுச்சே, வட்டி வேற கேட்டா முறைச்சிக்குவாங்க, எங்கனா தூக்கியடிச்சிடுவாங்க" என்று பாதிப் பேர் கழன்றுகொண்டார்கள். நான் முதல் வரிசையில் உட்கார்ந்து கையெழுத்துப் போட்டேன். வட்டி ஒன்றும் பெரிய தொகை இல்லை. கணக்கு டீச்சருக்கு அதுகூடத் தெரியாதா? பிள்ளைகளுக்குத் தனிவட்டி நடத்தும்போதே மனசுக்குள் போட்டுப் பார்த்துவிட்டேன். ஆனால் கடன்பட்டவன்தான் வட்டி கொடுப்பான். கவர்மெண்ட்டே எனக்கு வட்டி கொடுத்தால், கவர்மெண்ட்தான் எனக்குக் கடன்பட்டிருந்தது என்று ஊருக்கே தெரியும். மாமியாருக்கும் தெரியும். நான் கேட்டது அந்த அத்தாட்சியைத்தான்.

வக்கீல் ஒவ்வொருவரிடமும் தாமதத்தால் என்ன நஷ்டம் என்று கேட்டார். ஒருவர் வீட்டுக் கடன் தவணை என்றார், ஒருவர் பிள்ளை ஃபீஸ் என்றார். என் முறை வந்தது.

"எங்க மாமியார் என்ன நம்பறதில்ல சார்" என்றேன்.

அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார். கெட்ட சிரிப்பு இல்லை. "அதுக்கெல்லாம் சட்டத்துல எடம் இல்லம்மா. பணக் கஷ்டம்னு போட்டுக்கறேன்" என்றார்.

போட்டுக்கொள்ளுங்கள் என்றேன்.

வழக்கு வருஷக் கணக்கில் நடந்தது. தம்பி வியாபாரியின் முன்பணத்தை அடைத்து வெளியே வந்துவிட்டான். என் பணியிடத்துக்கு இன்னும் இரண்டு தடவை உயிர் போய் உயிர் வந்தது. கடைசியில் எங்கள் பக்கம் தீர்ப்பு வந்தது. வழக்குப் போட்டவர்களுக்கு வட்டி கொடுக்கச் சொல்லிவிட்டார்கள். அதற்கும் ஓர் ஆணை வர வேண்டியிருந்தது, அதுவும் தாமதமாகத்தான் வந்தது. தாமதத்துக்கான வட்டி தாமதமாக வந்தால் அதற்கு யாரிடம் வட்டி கேட்பது என்று ஸ்டாஃப் ரூமில் ஒரு நாள் முழுக்கச் சிரித்தோம்.

வட்டி விழுந்த அன்றைக்கு, அதை மட்டும் தனியாக எடுத்தேன். ஒரு நல்ல புடவை வாங்கலாம், பட்டு வாங்க முடியாது, அவ்வளவுதான். ஜிலேபி வாங்கினேன். பாசஞ்சரில் உட்கார இடம் இருந்தும் உட்காரவில்லை. வீட்டுக்குப் போய், கைகால்கூடக் கழுவாமல், மாமியார் முன்னால் நின்றேன். என் கணவரும் ஷிப்ட் முடிந்து வந்திருந்தார். நல்லது, சாட்சி இருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

"அத்தே, அப்போ மூணு மாசம் என் பணம் லேட்டாச்சே, ஞாபகம் கீதா? அதுக்கு வட்டி குடுத்துட்டாங்க. இந்தாங்க!"

மாமியார் பணத்தைப் பார்த்தார். அவர் முகம் சுருங்கிக்கொண்டே வந்தது. கல்யாணமான புதிதில்கூட அந்த முகத்தை நான் பார்த்ததில்லை.

"கூடப் பொறந்தவங்கிட்டயாம்மா வட்டி வாங்குன?" என்றார்.

"இல்ல அத்தே" என்று ஆரம்பித்தேன். அவர் விடவில்லை.

"நீ அவனுக்குக் குடுத்தப்ப நான் ஒரு வார்த்த கேட்டனா? கூடப் பொறந்தவன் கஷ்டத்துல கீறான், குடுத்துட்டா, போவட்டும்னு இருந்தேன். நானா இருந்தாலும் குடுத்துதான் இருப்பேன். ஊருக்குக் கூட சொல்லலியே. எங்கிட்ட மறைச்சிட்டியேன்றதுதான் மனசுக்குக் கஷ்டம். மத்தபடி உன்ன நான் தப்பா நெனச்சதே இல்ல. ஆனா வட்டி? தண்ணில போறவன்கிட்ட வட்டி வாங்குனா அந்தப் பாவம் இந்த ஊட்டுக்குத்தாம்மா வந்து சேரும்."

என் கணவர் எழுந்து வந்தார். "ம்மா, அது கவர்மெண்ட் குடுத்த வட்டிம்மா."

மாமியார் அவரைப் பார்த்த பார்வையில் பரிதாபம் இருந்தது. "நைனா, சொசைட்டில பயிர்க் கடன் வாங்கி ஒரு நாள் தள்ளிக் கட்டினேன், வட்டி போட்டான். கவர்மெண்ட் நம்மகிட்ட வாங்கும். நம்மளுக்கு எங்கனா குடுத்துக்கீதா? நீ பார்த்துக்கிறியா?"

அவர் பார்த்ததில்லை. நானும் அன்றைக்கு முன்னால் பார்த்ததில்லை. நான் தீர்ப்பைப் பற்றிச் சொன்னேன், வக்கீலைப் பற்றிச் சொன்னேன், திருவள்ளூர் மண்டபத்தைப் பற்றிச் சொன்னேன். சொல்லச் சொல்ல என் குரல் ஏறியது. வழக்கம்போல அது பொய் மாதிரியே எனக்கே கேட்டது.

"கொண்டுபோய் அவன் கையிலயே குடுத்துட்டு வா" என்றார் மாமியார். "அப்பதான் எனக்குச் சோறு எறங்கும்."

இரண்டு நாள் நிஜமாகவே அவர் சரியாகச் சாப்பிடவில்லை. சனிக்கிழமை நான் பழவேற்காட்டுக்கு பஸ் ஏறினேன். வழியெல்லாம் எனக்கு ஆத்திரம். கவர்மெண்ட் மேல் ஆத்திரம், வக்கீல் மேல் ஆத்திரம், அக்கா புண்ணியம் என்று சொன்னவன் மேல் ஆத்திரம். மாமியார் மேல் மட்டும் ஆத்திரப்பட முடியவில்லை. நான் செய்யாத தப்பை அவர் என்றைக்கோ மன்னித்துவிட்டார். கம்மலை அடகு வைத்து மன்னித்திருந்தார். தெருவில் பொய் சொல்லி என் மானத்தைக் காப்பாற்றியிருந்தார். இவ்வளவு பெரிய மனசு என்னை மட்டும் நம்பவில்லையே என்று பஸ்ஸில் உட்கார்ந்து அழுதேன். பக்கத்தில் இருந்த கூடைக்காரம்மா, "இன்னாம்மா, ஊட்ல எதுனா துக்கமா?" என்று கேட்டாள். சம்பளம் லேட்டு என்றேன்.

தம்பி வலைக்குப் போய்விட்டு வந்து குளித்துக்கொண்டிருந்தான். பணத்தைக் கையில் வைத்தேன்.

"இன்னாக்கா இது?"

"வெச்சிக்கோ. புள்ளைங்களுக்கு எதுனா வாங்கு."

"எதுக்குக்கா? நல்ல நாளா, பண்டிகையா?"

அவன் கேட்டு முடிப்பதற்குள் என் போன் அடித்தது. மாமியார். என் கணவரை நம்பர் போட்டுத் தரச் சொல்லியிருக்கிறார். "தம்பிகிட்ட குடும்மா" என்றார். கொடுத்தேன். வீட்டு வாசலில் ஈரத் தலையோடு நின்று அவன் பேசினான். அவர் குரல் எனக்கும் கேட்டது.

"டப்பு வந்துச்சா நைனா?"

"வந்துச்சி அத்தே. எதுக்கு அத்தே இதெல்லாம்?"

"உன்னுதுதான நைனா. வெச்சிக்கோ. மனசுல எதுவும் வெச்சிக்காத."

"ஐயோ, இன்னா அத்தே, எங்க அக்கா இருக்கசொல்ல எனக்கு இன்னா கொறச்சல்? எல்லாம் அக்கா புண்ணியம்."

நான் போனைப் பிடுங்கியிருக்கலாம். அங்கேயே, அந்த நிமிஷமே, இரண்டு பேரையும் வைத்துக்கொண்டு எல்லாவற்றையும் போட்டு உடைத்திருக்கலாம். உடைத்திருந்தால் தம்பியின் முகம் என்ன ஆகியிருக்கும் என்று பார்த்தேன். அவன் சிரித்துக்கொண்டிருந்தான். அம்மா உள்ளே இறால் தோல் உரித்துக்கொண்டே, "சம்பந்தியம்மா நல்ல மனுஷி" என்றாள். நான் போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்து இறால் உரித்தேன்.

அந்த மாதக் கடைசியில் சம்பளம் அதிசயமாகச் சரியான தேதியில் வந்தது. நான் பள்ளியிலிருந்து வந்து பையை மாட்டிவிட்டுத் திரும்பினேன். மாமியார் பின்கட்டில் கை கழுவிக்கொண்டிருந்தார். முந்தானையில் துடைத்தார். என் முன்னால் வந்து இரண்டு கையையும் நீட்டினார். எத்தனையோ வருஷம் கழித்து நீட்டினார்.

"குடும்மா" என்றார்.

அன்று நான் ஏடிஎம்முக்குப் போயிருக்கவில்லை. பர்ஸில் இருந்ததை எல்லாம் எடுத்து அந்தக் கையில் வைத்தேன். அவர் அதைச் சாமி படத்துக்கு முன்னால் வைத்து, கும்பிட்டு, எழுந்து, என் கன்னத்தை வழித்துத் தன் நெற்றிப்பொட்டில் வைத்து நெட்டி முறித்துக்கொண்டார்.

"இனிமே அவனுக்குக் குடுக்கறதா இருந்தா எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லிட்டுக் குடு. நான் இன்னா, வேணாம்னா சொல்லப் போறேன்?" என்றார்.

நான் பதில் சொல்வதற்கு அவர் காத்துக்கொண்டிருந்தார்.

"சரி அத்தே" என்றேன்.